பேச்சிராஜா திருடாத இருநூற்று நாற்பது பைகள்

பெயர்: அப்துல் ஹாதி. தகப்பனார்: காலஞ்சென்ற மன்சூர் அலி. வயது: 49. தொழில்: தோல் பை தைக்கும் பட்டறை. சொந்த ஊர்: திருநெல்வேலி, மேலப்பாளையம். முப்பத்தொரு ஆண்டுகளாக வசிப்பது: தாராவி, மும்பை. நாள்: 10.07.2024, புதன்கிழமை. நேரம்: காலை 11.20.

எனக்கு மராத்தி பேச வரும், எழுதப் படிக்க வராது. ஆகவே மாட்டுங்காவில் வசிக்கும் ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியை ஷ்யாமளா அம்மாவைப் போலீசார் அழைத்திருக்கிறார்கள். நான் சொல்லச் சொல்ல அவர் தமிழில் எழுதி, பிறகு மராத்தியில் பெயர்த்துக் கொடுப்பார்.

கடந்த 06.07.2024 சனிக்கிழமை மாலை இதே நிலையத்துக்கு வந்து, என் பட்டறையின் பூட்டை உடைத்து இருநூற்று நாற்பது தோல் பைகளைத் திருடிவிட்டதாக, எதிர்க்கடை பேச்சிராஜா மீது நான் புகார் கொடுத்தேன். அந்தப் புகார் பொய். அதைத் திரும்பப் பெறவும் அவருக்கு நன்றி சொல்லவும் வந்திருக்கிறேன். நன்றி சொல்ல இது இடமில்லை, நடந்ததை வரிசையாகச் சொல்லுங்கள் என்றார் அதிகாரி. இடம் பார்த்து நன்றி சொல்லும் நிலையில் நான் இல்லை. ஆனாலும் எனக்குத் தெரியவந்த வரிசையிலேயே சொல்கிறேன்.

பேச்சிராஜா என்னைவிடப் பதினைந்து வயது இளையவர். நேரில் ஏலே, வாலே என்றுதான் கூப்பிடுவேன். இந்தத் தாளில் 'அவர்' என்று எழுதும்படி கேட்டுக்கொண்டேன். எதிரி என்று எழுத வேண்டாம் என்றும் கேட்டேன். குற்றம் சாட்டப்பட்டவரைச் சட்டத் தமிழில் அப்படித்தான் எழுதுவது வழக்கம் என்றார் ஷ்யாமளா அம்மா. அப்படியானால் பெயரை மட்டும் எழுதுங்கள் என்றேன். எழுதுகிறார். அவருக்கும் நன்றி.

என் பட்டறையும் வீடும் ஒன்றுதான். கீழே பத்துக்குப் பன்னிரண்டு அடி பட்டறை. மேலே மாலா, அதாவது பலகை அடித்த மேல்தட்டு. அதில்தான் குடித்தனம். இரண்டுக்கும் நடுவே ஓர் இரும்பு ஏணி. மேலே இருப்பவர்கள் வெளியே வர அந்த ஏணியை விட்டால் வேறு வழி கிடையாது. மேலே என் மனைவி பேகமும், முதல் பிரசவத்துக்காக எங்கள் வீட்டுக்கு வந்திருக்கும் மகள் பரீஹாவும் இருக்கிறார்கள். ஜூன் பத்தாம் தேதி சயான் ஆஸ்பத்திரியில் பரீஹாவுக்குப் பெண் குழந்தை பிறந்தது. ஏழாம் நாள் சஃப்ரீன் என்று பெயர் வைத்தோம்.

எங்கள் கல்லியின், அதாவது சந்தின், அகலம் மூன்றடி. அதற்கு அந்தப் பக்கம் பேச்சிராஜாவின் கடை. மிக்ஸி, டிவி, வாஷிங் மெஷின் பழுது பார்ப்பார். குடியிருப்பது கோபர்கைரனேயில், தினமும் ரயிலில் வருவார். சாவியைத் தொலைப்பதில் மன்னன் என்பதால் அவர் கடையின் இன்னொரு சாவி எப்போதும் எங்கள் வீட்டு ஆணியில் தொங்கும். நான் அவரைத் திருடன் என்று எழுதிக் கொடுத்துவிட்டு வந்த அன்றும் அது அங்கேதான் தொங்கியது.

இரண்டு ஆண்டுகளுக்கு முன்பு ஒரு மழைக்காலத்தில் அவர் என்னிடம் வந்து, மூன்று மில்லிமீட்டர் கனத்தில் எருமைத்தோலை வளையமாக வெட்டித் தர முடியுமா என்று கேட்டார். எதற்கு என்றேன். கடைக்குக் கூட்டிப்போய், முன்பக்கம் வட்டக் கதவு உள்ள பழைய வாஷிங் மெஷின் ஒன்றைக் காட்டினார். உள்ளே ஏகப்பட்ட செம்புக் கம்பியைச் சுற்றியிருந்தார். பக்கவாட்டில் தையல் மெஷின் சக்கரம் ஒன்றைப் பொருத்தியிருந்தார். கதவுக்கு ரப்பர் வளையம் போட்டால் சாமானோடு ரப்பரும் போய்விடுகிறது என்றார். எங்கே போகிறது என்று கேட்டேன். அவர் சொன்னதை அப்படியே எழுதச் சொல்கிறேன்.

"பாய், ஒங்க ரூமு பகல்ல பட்டறை, ராத்திரி ஒங்க ஆளுங்க படுக்கிற எடம். ரூமு ஒண்ணுதான், ஆனா ரெண்டு. அதே மாதிரி நாம நிக்கிற எடத்துக்கே இன்னொரு அடுக்கு இருக்கு. அதுல யாரும் குடியிருக்கல. வாடகை கேக்கவும் ஆளில்ல."

நான் படித்தது எட்டாவது. ஆனால் தோல் தெரியும். ஒரே தோலை மெஷினில் விட்டுப் பிளந்தால் மேல்தோல் ஒன்றும் அடித்தோல் ஒன்றும் வரும், இரண்டும் ஒரே மாட்டின் தோல்தான். அப்படி ஏதோ ஒன்று என்று புரிந்துகொண்டேன். அதன் பிறகு வளையம் வெட்டிக் கொடுத்தேன். அவர் அதை மாட்டி, ஓர் இஸ்திரிப் பெட்டியை உள்ளே வைத்துக் கதவை மூடி, சக்கரத்தை இடப்பக்கம் மூன்று சுற்றுச் சுற்றினார். திறந்தால் இஸ்திரிப் பெட்டி இல்லை. மூடி வலப்பக்கம் மூன்று சுற்று. திறந்தால் இருந்தது. நான் வெளியே போய் ஒரு கட்டிங் சாய் குடித்துவிட்டுத் திரும்ப வந்து பார்த்தேன். அப்போதும் இருந்தது.

வேறு ஊர்க்காரன் கையில் இப்படி ஒன்று அகப்பட்டிருந்தால் உலகத்தையே புரட்டிப் போட்டிருப்பான். நாங்கள் தாராவிக்காரர்கள். சாமான் வைத்தோம். தைத்த பையை அடுக்க இடமில்லாமல் காரிகர்கள் (என்னிடம் வேலை செய்யும் மூன்று பேர்) முழங்காலைக் கட்டிக்கொண்டு தூங்கிய காலம் அதோடு முடிந்தது. அதற்காக அவர் என்னிடம் எதுவும் வாங்கிக்கொண்டதில்லை. வளையம் ஒங்க தோலுதானே பாய் என்பார். விஷயம் வெளியே தெரிந்தால் கல்லி முழுக்க மூட்டையோடு வந்து நிற்கும் என்பதால், எங்கள் இருவரைத் தவிர யாருக்கும் சொல்வதில்லை என்று பேசி வைத்திருந்தோம். என் மனைவிக்குக்கூட நான் சொல்லவில்லை. சுமை எல்லாம் கோடவுனுக்குப் போவதாக அவள் நினைத்துக்கொண்டிருந்தாள்.

செம்பூர் வியாபாரி ஒருவருக்குச் சனிக்கிழமை கொடுக்க வேண்டிய பெண்கள் கைப்பைகள் இருநூற்று நாற்பதும் தைத்து முடிந்து, 04.07.2024 வியாழனன்று தடவை தடவையாகப் பேச்சிராஜாவின் வாஷிங் மெஷின் பெட்டிக்குள் போயின. மறுநாள் வெள்ளிக்கிழமை நல்ல மழை. நான் அடுத்த வேலைக்கான தோலுக்குப் பசை தடவிக்கொண்டிருந்தபோது ஜும்ஆ தொழுகைக்கு நேரமாகிவிட்டது. கையைத் துடைத்துக்கொண்டு ஓடினேன். காரிகர்கள் எனக்கு முன்பே போயிருந்தார்கள்.

தொழுதுவிட்டு வந்தபோது கல்லியில் கருகல் வாடை அடித்தது. பேச்சிராஜா தன் கடை வாசலில் வலது கையை ஒரு பக்கெட் தண்ணீருக்குள் விட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார். என்ன என்று கேட்டேன். "சால்டரிங் பட்டுட்டு பாய்" என்றார். பார்த்து வேலை செய்ய மாட்டாயா என்று நாலு வார்த்தை ஏசிவிட்டு வீட்டுக்குள் போனேன். பேகம் நெய்ச்சோறு வைத்தாள். அதில் உப்பே இல்லை. அதற்கும் கத்தினேன். அவள் உப்பைக் கொண்டுவந்து சோற்றில் போடாமல் தண்ணீர்ச் செம்புக்குள் போட்டாள். நான் அதைப் பார்த்தேன். பார்த்துவிட்டுச் சாப்பிட்டேன்.

சனிக்கிழமை காலை பத்து மணிக்குப் பைகளை எடுக்கப் போனேன். பேச்சிராஜா கையில் கட்டுப் போட்டிருந்தார். பெட்டியைத் திறக்கவிடாமல் குறுக்கே நின்றார்.

"பாய், பைய எங்கன்னு கேக்காதீங்க. இல்ல, அவ்வளவுதான். ரெண்டு மாசம் ஒங்க பட்டறையில உக்காந்து வேல செஞ்சு தீத்துருதேன்."

"ஏல, எம் பைய வித்துத் தின்னுட்டு எனக்கே வேல செய்யுதேங்கியா?"

அவர் தலையைக் குனிந்துகொண்டார். ஆத்திரக்காரனுக்குப் புத்தி மட்டு என்பதை எனக்காகவே சொல்லி வைத்திருக்கிறார்கள். கல்லிக்காரர்கள் பார்த்துக்கொண்டிருக்க அவர் கன்னத்தில் அறைந்தேன். அவர் தடுக்கவில்லை. இதையும் எழுதச் சொன்னேன். பேகம் ஏணியில் பாதி இறங்கி வந்து, "அவன் எடுத்திருக்க மாட்டான், கொஞ்சம் பொறுங்க" என்றாள். நீ சும்மா கெட என்று அவளை மேலே அனுப்பினேன்.

அதன் பிறகு புகார் கொடுக்க முடிவு செய்தேன். பெட்டியைப் பற்றிச் சொன்னால் யாரும் நம்ப மாட்டார்கள் என்பதால், பைகள் என் பட்டறையில் இருந்ததாகவும் பூட்டு உடைக்கப்பட்டதாகவும் சொல்ல நினைத்தேன். என் பூட்டை நானே சுத்தியலால் அடித்து நெளித்தேன். அவர் கையில் உள்ள காயம் பட்டறைக்குள் திருட வந்தபோது மோட்டார் சூட்டில் பட்டதாக இருக்கும் என்று கூடுதலாக ஒரு வரியும் சேர்த்துச் சொன்னேன். அந்த வரியை யாரும் என்னிடம் கேட்கவில்லை. நானாகச் சொன்னது.

ஞாயிறு காலை போலீசார் அவரைக் கைது செய்தார்கள். கடையைச் சோதித்து எழுதிய பஞ்ச்நாமாவில் 'பழுதான வாஷிங் மெஷின் ஒன்று' என்று பெட்டியையும் குறித்துக்கொண்டு, பழைய இரும்புதானே என்று அங்கேயே விட்டுவிட்டுப் போனார்கள். பேச்சிராஜா பைகளைப் பற்றித் தனக்குத் தெரியாது என்று மட்டும் சொன்னதாகக் கேள்விப்பட்டேன்.

திங்கட்கிழமை மதியம் அவர் மனைவி கோகிலவாணி எங்கள் வாசலுக்கு வந்தார். நான் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். சண்டைக்கு வந்திருக்கிறார் என்று நினைத்து, அதற்குத் தயாராக நிமிர்ந்து உட்கார்ந்தேன். அவர் ஒரு ஹார்லிக்ஸ் பாட்டிலைப் பேகத்திடம் நீட்டினார்.

"அக்கா, பரீஹாவுக்குப் பிரசவ லேகியம் கிண்டித் தாரேன்னு சொல்லியிருந்தேன். சொன்ன சொல்லு தவறப்பிடாதுல்லா."

சொல்லிவிட்டு என்னிடம் "வாரேன் பாய்" என்று விடைபெற்றுக்கொண்டு போனார். எனக்கு அன்று சோறு இறங்கவில்லை. இருந்தாலும் என் வீம்பு இறங்கவில்லை.

செவ்வாய்க்கிழமை காலை செம்பூர் வியாபாரி மூன்று தடவை போன் செய்தார். பெட்டிக்குள் நாலைந்து பையாவது மிச்சம் இருக்கிறதா என்று பார்க்கலாம் என எண்ணி, ஆணியில் கிடந்த சாவியை எடுத்துக்கொண்டு போய்ப் பேச்சிராஜாவின் கடையைத் திறந்தேன். கதவை மூடி, சக்கரத்தை வலப்பக்கம் மூன்று சுற்றுச் சுற்றித் திறந்தேன். வெளியே வந்த காற்று அடுப்பைத் திறந்ததுபோல் சூடாக இருந்தது. உள்ளே கருகிய தோல், கட்டி கட்டியாக. இரண்டாவது தடவையும் அதுவே, நடுவில் உருகி ஒட்டிக்கொண்ட பித்தளைப் பக்கிள்கள். அவற்றை நானே தேர்ந்தெடுத்து வாங்கியதால் உருகிய பிறகும் அடையாளம் தெரிந்தது.

மூன்றாவது தடவை சுற்றியபோது வயிறு வீங்கிக் கறுத்துப்போன பதினைந்து லிட்டர் டின் ஒன்று வந்தது. அது சொல்யூஷன் டின். சொல்யூஷன் என்பது தோலை ஒட்டும் ரப்பர் பசை, நெருப்பைக் கண்டால் பெட்ரோல் மாதிரித் தாவும். எங்கள் பக்கம் டின்கள் மாறிப் போகாமல் இருக்க அவரவர் பெயரின் எழுத்தைப் போட்டு வைப்போம். இந்த டின்னில் சிவப்புப் பெயிண்டில் அ.ஹா. என்று இருந்தது. எழுதியவன் நான்.

நான்காவது தடவை வந்தது பாதி எரிந்த கோணிச் சாக்கு. அதற்குள் இரண்டாக உடைந்த ஒரு மண்சட்டி இருந்தது. பேத்திக்குத் தலைக்கு ஊற்றியதும் சாம்பிராணி காட்டுவதற்காக, போன மாதம் மாட்டுங்கா மார்க்கெட்டில் நான் பார்த்துப் பார்த்து வாங்கிவந்த சட்டி அது.

அந்தச் சட்டியின் இரண்டு துண்டுகளையும் எடுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்து பேகத்தின் முன்னால் வைத்தேன். அவள் அதைப் பார்த்ததும் தரையில் உட்கார்ந்துவிட்டாள். நான் அவளை ஒன்றும் கேட்கவில்லை. அவளே சொன்னாள்.

"வெள்ளிக்கிழமை பிள்ளையக் குளிப்பாட்டி சாம்பிராணி காட்டுனேன். மழையில சன்னலச் சாத்தியிருந்ததுல மேல பொகை மண்டிட்டு. பிள்ளைக்கு ஆகாதேன்னு கங்கோட சட்டியக் கீழ கொண்டாந்து ஏணிகிட்ட வச்சுட்டு மேல போய்ட்டேன். நீங்க டின்ன மூடாமப் போயிருக்கீங்க. நான் பாக்கல."

ஏணியின் காலடியில்தான் நான் சொல்யூஷன் டின்களை வைப்பது வழக்கம். அன்று நான்கு டின்கள் இருந்தன. மூன்று மூடி, ஒன்று திறந்து. திறந்து வைத்துவிட்டு ஓடியவன் நான்தான். சாம்பிராணிச் சட்டியை ஏணியடியில் வைக்கிற மனுஷியும், மூடாத டின்னை ஏணியடியில் விட்டுப் போகிற மனுஷனும் ஒரே வீட்டில் இருந்தால் என்ன ஆகுமோ அது ஆனது. டின் பற்றிக்கொண்டது. மேலே பேகம், பரீஹா, இருபத்தைந்து நாள் குழந்தை. இறங்குவதற்கு இருந்த ஒரே ஏணியைத் தீ சூழ்ந்திருந்தது. பேகம் அலறியிருக்கிறாள். தகரக் கூரையில் விழுந்த மழைச் சத்தத்தில் யாருக்கும் கேட்கவில்லை. கல்லியில் ஆண்கள் எல்லோரும் ஜும்ஆவுக்குப் போயிருந்தோம். ஜும்ஆவுக்குப் போகாத ஓர் ஆள் எதிர்க்கடையில் இருந்தார். அல்லாஹ் அவரை அங்கே உட்கார வைத்திருந்தான்.

அதன் பிறகு நடந்ததைப் பரீஹா மேலிருந்து பார்த்திருக்கிறாள். பேச்சிராஜா நனைந்த கோணிச் சாக்கோடு உள்ளே வந்தார். எரிகிற டின்னை ஒட்டி மற்ற மூன்று டின்கள். அவற்றைக் காலால் எத்தித் தள்ளினார். எரிவதை வெளியே வீசலாம் என்றால் கல்லி மூன்றடி. தலைக்கு மேலே தார்ப்பாயும் கரண்டு வயரும், இரண்டு பக்கமும் ஜனங்கள் குடியிருக்கிற வீடுகள். டின்னையும் கங்குச் சட்டியையும் சேர்த்துச் சாக்கில் சுருட்டி, நெஞ்சோடு அணைத்துத் தூக்கிக்கொண்டு தன் கடைக்குள் ஓடினார். "தீ இருந்த எடத்துல தீயே இல்ல, வாப்பா" என்றாள் பரீஹா. தண்ணீரை ஊற்றி அணைத்துவிட்டார் என்று இருவரும் நினைத்திருக்கிறார்கள். வெந்த கையால் அவர் சக்கரத்தை மூன்று சுற்றுச் சுற்றியது அவர்களுக்குத் தெரியாது.

என் பைகள் அந்தப் பக்கம் இருப்பது பேச்சிராஜாவுக்குத் தெரியும். எடுக்க நேரமில்லை. என் பைகளா, என் பேத்தியா என்று அவர் யோசித்திருக்கவே மாட்டார் என்று நம்புகிறேன்.

திரும்ப வந்து ஏணியடியில் நின்று பேகத்திடம் அவர் சொன்னது இது:

"அக்கா, பாய்ட்ட சொல்லாண்டாம். கோவத்துல ஒங்களப் போட்டு வாங்கிருவாரு. கார்ப்பரேஷன்காரனுக்குத் தெரிஞ்சா பட்டறையும் போயிரும்."

நான் வருவதற்குள் பேகம் ஏணியடியைக் கழுவிவிட்டாள், டின் ஒன்று குறைந்ததை நான் எண்ணிப் பார்க்கவில்லை. குடியிருக்கும் அறையில் சொல்யூஷன் வைத்தால் பட்டறை சீல் வைக்கப்படும் என்று மே மாதமே எங்கள் கல்லியில் நோட்டீஸ் ஒட்டியிருந்தார்கள். அதை நான் படித்தேன். படித்துவிட்டு டின்கள் மேல் ஒரு துணியைப் போட்டு மூடினேன்.

ஆக, தீப்பிடித்தது பேகத்துக்குத் தெரியும், பைகள் பெட்டிக்குள் இருந்தது தெரியாது. பைகள் எனக்குத் தெரியும், தீ தெரியாது. இரண்டும் தெரிந்தவர் லாக்கப்பில் இருந்தார். பைகள் எரிந்துபோயின என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் ஏன் என்று நான் கேட்டிருப்பேன். ஏன் என்பதற்குப் பதில் சொன்னால் என் மனைவியின் பெயர் வரும். அதனால் திருடன் என்ற பெயரைத் தான் எடுத்துக்கொண்டார். பேகம் எனக்குப் பயந்துதான் இத்தனை நாளும் வாயைத் திறக்கவில்லை. இருபத்தாறு வருஷம் குடித்தனம் நடத்தி அவளுக்கு நான் கொடுத்தது அந்தப் பயம்தான் என்று செவ்வாய்க்கிழமை தெரிந்துகொண்டேன். அவளைத் திட்டவில்லை. திட்ட வாயில்லை. அவள் காலடியில் இருந்த சட்டித் துண்டுகளை எடுத்து ஓரமாக வைத்தேன்.

அதன் பிறகு நேரே இந்த நிலையத்துக்கு வந்து நடந்ததை இந்தியில் சொன்னேன். சிரித்தார்கள். பாகல் ஹோ கயா, பைத்தியம் பிடித்துவிட்டது என்றார் ஹவல்தார். அவர்மேல் எனக்கு வருத்தமில்லை, அவர் இடத்தில் நான் இருந்தாலும் அதையே சொல்லியிருப்பேன். ஆனால் நான் நகரவில்லை. மாலை ஐந்து மணிக்கு, என் தொல்லை தாங்காமல், அதிகாரி ஹவல்தாரைக் கூட அனுப்பினார். ஹவல்தாரின் மடக்குக் குடையை வாங்கிப் பெட்டிக்குள் வைத்தேன். போகும்போது குடை சொட்டச் சொட்ட நனைந்திருந்தது. கால் மணி நேரம் கழித்துத் திருப்பி எடுத்தபோது நன்றாகக் காய்ந்து, கருகல் வாடையோடு வந்தது. அந்தப் பக்கம் மழை இல்லை என்றேன். ஹவல்தார் குடையை விரிக்காமல் கக்கத்தில் வைத்துக்கொண்டு, மழையில் நனைந்தபடியே நிலையம்வரை நடந்தார். பிறகு அதிகாரியிடம் அவர் மராத்தியில் சொன்னதை அதிகாரிதான் சொல்ல வேண்டும்.

அதன் பிறகு பேச்சிராஜாவைப் பார்க்க ஐந்து நிமிடம் அனுமதித்தார்கள். நான் கம்பியைப் பிடித்துக்கொண்டு, எல்லாம் தெரிந்துவிட்டது என்றேன். மன்னிச்சுக்கோ என்று சொல்ல வாயெடுத்தேன், அழுகை முந்திக்கொண்டது. அவருக்கு என்மேல் வராத கோபம் அப்போதுதான் வந்தது.

"ஒங்கள யாரு பாய் இங்க வரச் சொன்னது? வாய வச்சுக்கிட்டுச் சும்மா இருக்க மாட்டீங்களா? நான் எப்படியும் வெளிய வந்துருவேன். பட்டறைய சீல் வச்சா மூணு காரிகரும் நீங்களும் எங்க போவீங்க?"

"பட்டறை போனாப் போவுது ராஜா. நீ உள்ள கெடக்க நான் அங்க உக்காந்து எப்படிலே தைப்பேன்?"

அவர் கட்டுப் போட்ட கையைக் கம்பிமேல் வைத்துக்கொண்டு என் முகத்தையே பார்த்தார். பிறகு குரலைத் தாழ்த்தி ஒன்று கேட்டார். நான்கு நாளாக யாரிடமும் கேட்க முடியாமல் வைத்திருந்த கேள்வி என்று கேட்ட விதத்திலேயே தெரிந்தது.

"பாய், பிள்ளைக்கு இருமல் கிருமல் இருக்கா? அந்தப் பொகை மேல போயிருக்கும். டாக்டர்ட்ட காட்டுனீங்களா?"

நாங்கள் காட்டவில்லை. எனக்குப் புகையே தெரியாது. பேகம் என்னிடம் என்ன சொல்லிக் குழந்தையை ஆஸ்பத்திரிக்குத் தூக்குவாள்? அதற்குள் நேரம் முடிந்துவிட்டது என்று என்னை வெளியே அனுப்பிவிட்டார்கள்.

புகாரைப் பொய் என்று ஒப்புக்கொண்டால் என்மேல் வழக்கு வரும் என்று அதிகாரி எச்சரித்தார். ஷ்யாமளா அம்மாவும் பேனாவை மூடி வைத்துவிட்டு, "நன்னா யோசிச்சுச் சொல்லுங்கோ, எழுதினப்புறம் அடிக்க முடியாது" என்று இரண்டு தடவை சொன்னார். யோசித்துவிட்டேன். பூட்டை நெளித்தவன் நான். டின்னைத் திறந்து வைத்தவன் நான். நோட்டீஸைப் படித்த பிறகும் என் குடும்பத்தின் காலடியில் நெருப்பை அடுக்கி வைத்தவன் நான். குற்றமற்ற ஒருவரை அடித்தவனும் நான். இவற்றில் எந்தெந்தக் குற்றத்துக்கு எந்தெந்தச் சட்டமோ அதன்படி என்மேல் எழுதிக்கொள்ளுங்கள், ஒன்றுக்கும் மறுப்பு சொல்ல மாட்டேன். மிச்சமிருந்த மூன்று டின்களையும் நேற்று மாலையே ஹவல்தாரிடம் ஒப்படைத்துவிட்டேன். என் மனைவி சட்டியை வைத்தது தெரியாமல் செய்தது. அதற்கும் நானே பொறுப்பு.

என் பேத்திக்கு இன்று முப்பதாம் நாள். அதில் கடைசி ஐந்து நாளும் பேச்சிராஜா கொடுத்தவை. இனிமேல் அவளுக்கு வரப்போகிற நாட்களும் அவர் கொடுப்பவைதான். அவள் முதல் பல் முளைத்தாலும், பள்ளிக்கூடம் போனாலும், நிக்காஹ் நடந்தாலும் நான் அவருக்கு நன்றி சொல்லிக்கொண்டே இருப்பேன். ஆயுசு முழுக்கச் சொன்னாலும் தீராது என்று தெரியும்.

இன்று காலை எட்டு மணிக்குப் பேகமும் பரீஹாவும் நானும் குழந்தையைத் தூக்கிக்கொண்டு டாக்டரிடம் போனோம். நடந்ததை ஒளிக்காமல் சொன்னோம். அவர் குழாயை வைத்து முன்னும் பின்னும் வெகுநேரம் கேட்டார். நெஞ்சு சுத்தமாக இருக்கிறது, ஒரு குறையும் இல்லை என்றார். இதைப் பேச்சிராஜாவிடம் சொல்ல வேண்டும். அவரை வெளியே விட்டால் நானே சொல்லிக்கொள்வேன். விட நேரமாகும் என்றால், இந்தத் தாளை எங்கே அனுப்புவதற்கும் முன்னால் யாராவது உள்ளே போய் அவரிடம் அதை மட்டும் சொல்லிவிட வேண்டும் என்று கைகூப்பிக் கேட்டுக்கொள்கிறேன்.

மேலே உள்ளதை எனக்கு இரண்டு முறை படித்துக் காட்டினார்கள். நான் சொன்னதும் எழுதியதும் ஒன்றுதான், எல்லாம் நடந்தவை. யாருடைய மிரட்டலுக்கும் ஆசை வார்த்தைக்கும் உட்படாமல், நன்றிக்கு மட்டும் உட்பட்டுச் சொன்னேன்.

(ஒப்பம்) அப்துல் ஹாதி

எழுதிப் படித்துக் காட்டியவர்: (ஒப்பம்) ஷ்யாமளா, மாட்டுங்கா.
பிற்பகல் 1.05. குழந்தையைப் பற்றிய செய்தி 12.50-க்கே உள்ளே சொல்லப்பட்டது. ஹவல்தார் போய்ச் சொன்னார், நான் உடனிருந்தேன்.